அண்ணாச்சி கண்ட சிவப்புக் கரை

செல்லையா அண்ணாச்சி போய்விட்டார் என்ற செய்தியைக் கேபிள் பிஜுதான் கொண்டுவந்தான். நான் கடையில் இரண்டாவது ஈடு இட்லியை இறக்கிக்கொண்டிருந்தேன். "சேச்சி, நம்மளே செல்லையா சேட்டன் போயி" என்றான். என் வாயில் முதலில் வந்தது, "நீ கண்டியாடே?" என்ற கேள்விதான். அது என் கேள்வி இல்லை, அண்ணாச்சியுடையது. யார் எதைச் சொன்னாலும் அவர் கேட்பது அதைத்தான். பிஜு, "கண்டு சேச்சி" என்று சொல்லிக் கண்ணைத் துடைத்துக்கொண்டான்.

தம்பானூரில் பஸ்ஸை விட்டு இறங்கி, என் டிபன் கடைக்குப் பக்கத்து லாட்ஜில் ரூம் கேட்டவர்களுக்கு அண்ணாச்சியைத் தெரிந்திருக்கும். கவுண்டருக்குப் பின்னால், மூக்குக் கண்ணாடிக்கு மேல் வழியாகப் பார்க்கும் அந்தப் பார்வையையும் தெரிந்திருக்கும். ரூம் சாவி கிடைப்பதற்கு முன் அந்தப் பார்வையில் தேறியாக வேண்டும். ஆணும் பெண்ணும் ஜோடியாக வந்தால் இருவரையும் தனித்தனியாகக் கூப்பிட்டு, "உங்க கல்யாணத்துக்கு என்ன பாயசம்?" என்று கேட்பார். ஒருமுறை நாகர்கோவிலிலிருந்து ஒரு புது ஜோடி வந்தது. மாப்பிள்ளை பால் பாயசம் என்றார். பெண் அடைப் பிரதமன் என்றாள். அண்ணாச்சி சாவியைத் திரும்ப ஆணியில் மாட்டப் போனார். அந்தப் பெண் புருஷனைப் பார்த்து, "நம்ம கல்யாணத்துக்கு என்ன பாயசம்னுகூட உங்களுக்குத் தெரியாதா? அப்பம் அன்னைக்கு எங்கே பாத்துட்டு இருந்திய?" என்று அழ ஆரம்பித்துவிட்டாள். அண்ணாச்சி உடனே சாவியை நீட்டினார். "இந்தச் சண்டை கல்யாணம் கழிஞ்சவங்களுக்குத்தான் வரும்" என்றார்.

என்னையும் அவர் நம்பியதில்லை. பதினைந்து வருஷத்துக்கு மேல் என் கடையில் சாப்பிட்டவர், சட்னியை ஒவ்வொரு நாளும் விரலில் தொட்டு வெளிச்சத்தில் பிடித்துப் பார்ப்பார். "இது தேங்காயா, இல்ல பொட்டுக்கடலைக்குத் தேங்கான்னு பேர் வச்சிருக்கியா?" என்பார். தேயிலை போனக்காட்டு எஸ்டேட்டிலிருந்து வருகிறது என்று சொன்னால், "நீ கண்டியா?" என்பார். "உங்களையும் ஆஸ்பத்திரியில மாத்தித்தான் எடுத்துட்டு வந்தாங்களாம் அண்ணாச்சி, எங்க அம்மை சொல்லியிருக்கு" என்பேன். அவர் சிரிக்க மாட்டார். "இருக்கும். அதையும் நான் காணல்லியே" என்பார்.

அப்படிப்பட்டவருக்கு ஒரே மகன், டென்சிங். மனைவி முன்பே காலமாகிவிட்டாள். டென்சிங் யாரோ ஒரு ஏஜெண்டைப் பிடித்து அமெரிக்காவுக்குப் போனான். அந்தக் காலத்தில் ஏஜெண்டை நம்பிப் போய்ப் பம்பாயிலேயே மாட்டிக்கொண்ட பையன்கள் நம் ஊரில் வீதிக்கு ஒருவன் உண்டு. டென்சிங் ஞாயிற்றுக்கிழமைகளில் லாட்ஜ் போனுக்குக் கூப்பிடுவான். மற்றபடி ஒரு போட்டோ கிடையாது. ஊருக்கு வருகிற பேச்சே கிடையாது. வந்தால் திரும்பிப் போக முடியாது, காகிதம் சரியாகவில்லை என்பான்.

சந்தேகத்தை முதலில் வாய்விட்டுச் சொன்னவர் வெங்கிட்டு சாமி. ஸ்ரீவராகத்திலிருந்து ரயில்வே ஆபீசுக்கு வேலைக்கு வருகிறவர். போகும் வழியில் என் கடையில் காப்பி குடிப்பார். காப்பி மட்டும்தான். இட்லியை இன்றுவரை கேட்டதில்லை, அவருக்கும் ஏதோ சந்தேகம். அவர் சொன்னார்: "அமெரிக்காலேர்ந்து பேசினா கெணத்துக்குள்ளேர்ந்து பேசறாப்பல கேக்கணும் ஓய். உம்ம பையன் அடுத்த ஆத்துலேர்ந்து பேசறாப்பலன்னா கேக்கறது? பின்னாடி வேற எவனோ இந்தியில கத்தறான்."

"அவன் வேல பாக்க பலசரக்குக் கடை வடக்கத்தி ஆளுக்குள்ளதாம்" என்றார் அண்ணாச்சி.

"நீர் கண்டேரோ?"

அண்ணாச்சியின் கேள்வி அண்ணாச்சிக்கே திரும்பி வந்தது அன்றைக்குத்தான். அவர் டீ கிளாஸுக்குள் பார்த்துக்கொண்டே இருந்தார். நானும் மனசுக்குள் பம்பாய் என்றுதான் நினைத்தேன். வெளியே சொல்லவில்லை, அவ்வளவுதான்.

அந்த வருஷம் ஜூனில் இடவப்பாதி மழை பிடித்த நாட்களில் டென்சிங் போன் செய்தான். அவன் இருக்கும் ஊர் அணி பாஸ்கெட் பால் சாம்பியன்ஷிப்பின் கடைசிச் சுற்றுக்கு வந்திருக்கிறதாம். சம்பளத்துக்கு ஆடுகிற பெரிய ஆட்டக்காரர்கள், உலகம் முழுக்க டி.வி.யில் வருமாம். முதல் ஆட்டத்துக்குக் கடை முதலாளி அவனுக்கு ஒரு டிக்கெட் கொடுத்திருக்கிறார். "நானும் கேலரியில இருப்பேன்ப்பா, டி.வி.யில பாருங்க" என்றிருக்கிறான்.

"அத்தன கூட்டத்துல உன்னை எப்படிலே காணது?" என்று கேட்டார் அண்ணாச்சி. அடையாளத்தை அவரே சொன்னார். மகன் புறப்பட்ட அன்று சாலைக் கடைத்தெருவில் ஒரு தோர்த்து வாங்கிப் பெட்டியில் வைத்திருந்தார். குளித்தால் தலை துவட்டுகிற நம் ஊர் மெல்லிய துண்டுதான். வெள்ளை, இரண்டு பக்கமும் சிவப்புக் கரை. "அதைக் கொண்டு போ. உங்க ஆளு பந்து போட்டா எழும்பி நின்னு வீசு. அமெரிக்காவுல வேற எவன்ட்ட தோர்த்து இருக்கப் போகு?"

இது என்ன ஏற்பாடு என்று எங்கள் எல்லோருக்கும் புரிந்துவிட்டது. மகனைப் பார்க்க மட்டும் இல்லை. மகன் சொல்வது உண்மையா என்று ஊருக்கு முன்னால் வைத்துப் பார்க்கப் போகிறார். தோர்த்து தெரிந்தால் அமெரிக்கா. தெரியாவிட்டால் பம்பாய்.

லாட்ஜ் வரவேற்பறை டி.வி.யில் காலையில் பக்திப் பாட்டு ஓடும். பத்மநாபசாமியைத் தொழ வருகிறவர்கள் தங்கும் இடம் அல்லவா? முதலாளியிடம் நயமாகப் பேசி, ஒரே ஒரு நாள் காலை மட்டும் ஆட்டம் போட அனுமதி வாங்கினார் அண்ணாச்சி. நாள் குறித்ததும் அவரே. மகன் சொன்னது புதன்கிழமை ராத்திரி. "அவனுக்கு ராத்திரின்னா நமக்குப் பகல். புதன்னா புதன்" என்று சொல்லிவிட்டார். புதன்கிழமை விடிந்ததும் வெங்கிட்டு சாமி, நான், லாட்ஜ் ரூம் பையன்கள், தொழ வந்த நாலு பேர் எல்லோரும் டி.வி. முன்னால் கூடினோம். பிஜு சானலைத் திருப்பினான். பச்சைப் புல்தரையில் ஒரு கிழவர் தனியாக நின்று குச்சியால் பந்தைத் தட்டிக்கொண்டிருந்தார்.

"இவராக்கும் உங்க மகன்?" என்று நான் கேட்டேன். எல்லோரும் சிரித்தார்கள். அண்ணாச்சி சிரிக்கவில்லை.

வெங்கிட்டு சாமிதான் விளக்கினார். "ஓய், இங்கே புதன் விடியறச்சே அங்கே செவ்வாய் ராத்திரி. அவாளுக்குப் புதன் ராத்திரி வரச்சே நமக்கு வியாழன் விடிஞ்சிருக்கும். அதுவும் பையன் அமெரிக்காவுல இருந்தாத்தான். பம்பாய்லன்னா புதன் புதன்தான்."

"இத்தன பாடுபட்டு வெளிநாடு போனவன் நமக்குப் பின்னாலயா நிக்கான்?" என்றார் அண்ணாச்சி. அதையும் அவர் நம்பவில்லை. ஆனால் முதலாளி கொடுத்த ஒரு நாள் அந்தக் கிழவரோடு தீர்ந்துபோயிற்று. அன்று முழுவதும் அவர் யாரையும் பாயசம் கேட்கவில்லை. வந்தவர்களுக்கெல்லாம் பேசாமல் சாவி கொடுத்தார். அது எனக்குப் பொறுக்கவில்லை. சாயங்காலம் வீட்டிலிருந்து என் சின்ன டி.வி.யைத் தூக்கி வந்து கடையில் மாவு டின்னுக்கு மேலே வைத்தேன். பிஜு லாட்ஜ் ஜன்னல் வழியாக ஒரு வயரை இழுத்துவிட்டான்.

வியாழன் காலை மழை கொட்டியது. இட்லி ஒரு பக்கம் வெந்துகொண்டிருக்க, மறுபக்கம் ஆட்டம் வந்தது. பனைமரம் மாதிரி ஆட்கள். "இவனுவளுக்குத் தேங்கா பறிக்கத் தோட்டிக் கம்பு வேண்டாம்" என்றேன். அண்ணாச்சிக்குச் சந்தேகம் வேறு மாதிரி.

"பிஜு, இது இப்பம் நடக்கதா, இல்ல நேத்தைக்கு உள்ளதா?"

"லைவ்னு எழுதியிரிக்குன்னது காணுன்னில்லே சேட்டா?"

"எழுதினா ஆச்சா? சுத்தமான நெய்னு நம்ம வசந்தாவும்தான் போர்டு எழுதி வச்சிருக்கா" என்று என்னைக் காட்டினார்.

நாங்கள் எல்லோரும் பந்தைப் பார்த்தோம். அவர் பந்தைப் பார்க்கவே இல்லை. டென்சிங்கின் ஊர் அணி கூடையில் பந்தைப் போட்டால்தான் கூட்டம் எழுந்திருக்கும், கூட்டம் எழுந்தால்தான் கேமரா அந்தப் பக்கம் திரும்பும். அதனால் யாருக்கும் பேர் தெரியாத அந்த அணி ஜெயிக்க வேண்டும் என்று தம்பானூரில் ஒரு டிபன் கடையே வேண்டிக்கொண்டது. ஆனால் ஆட்டம் நின்று, கேமரா கேலரிப் பக்கம் திரும்பும் அந்த நேரத்தில்தான் சோப்பு விளம்பரம் வரும். ஒவ்வொரு தடவையும் அதே பெண், அதே சோப்பு. "இவ குளிச்சே தீர மாட்டாளா?" என்று அண்ணாச்சி பல்லைக் கடித்தார்.

கடைசிக் கட்டத்தில் டென்சிங் ஊர் அணிக்காரன் ஒருவன் வெகு தூரத்திலிருந்து பந்தை எறிந்தான். அது கூடையில் விழுந்தது. கூட்டம் எழுந்தது. கேமரா திரும்பியது. கீழிருந்து மேல்வரை, அத்தனை ஜனமும் வெள்ளைத் துண்டை வீசிக்கொண்டிருந்தது! வாசலில் எல்லோருக்கும் இலவசமாகக் கொடுத்திருப்பார்கள் போலிருக்கிறது. அமெரிக்காவில் எவனிடமும் இருக்காது என்று நினைத்த தோர்த்து அமெரிக்கா முழுக்க இருந்தது.

வெங்கிட்டு சாமி சிரிப்பை அடக்கிக்கொண்டு, "ஓய், இத்தனை டென்சிங்கா?" என்றார்.

அண்ணாச்சி எழுந்து டி.வி.க்குப் பக்கத்தில் போனார். மூக்குக் கண்ணாடியைக் கழற்றினார். திரையில் வலது ஓரமாக விரலை வைத்தார். "இன்னா இருக்கு. சிவப்புக் கரை. கண்டேன்" என்றார். சொல்லி முடிப்பதற்குள் சோப்புக்காரி வந்துவிட்டாள்.

எங்களில் யாரும் பார்க்கவில்லை. "அத்தனை தூரத்துல கரை தெரிஞ்சுதோ?" என்று கேட்டார் வெங்கிட்டு சாமி.

"பெத்தவனுக்குத் தெரியும் சாமி" என்றார் அண்ணாச்சி. பிறகு என்னிடம் டீ கேட்டார். கிளாஸுக்குள் எட்டிப் பார்க்காமலே குடித்தார். வெங்கிட்டு சாமி அதற்குப் பிறகு பம்பாய்ப் பேச்சை எடுக்கவில்லை. 'நீ கண்டியா?' என்று ஊரையே கேட்டவர் 'கண்டேன்' என்று சொன்ன பிறகு, எதிர்த்து யார் என்ன பேச முடியும்? ஞாயிற்றுக்கிழமை போன் வந்தபோது நானும் பக்கத்தில் இருந்தேன், மகனிடமும் அதையேதான் சொன்னார்: "கண்டேன் மக்கா. நல்லாக் கண்டேன்."

எனக்கு மட்டும் உள்ளுக்குள் ஒரு முள் இருந்தது. நம் பக்கத்துக் கடையில் விற்கிற தோர்த்துக் கரை விரல் கனம்கூட இருக்காது. என் டி.வி.யோ சின்னது, அதில் மஞ்சளும் சிவப்பும் ஒன்றாகத்தான் தெரியும். டென்சிங் பம்பாயில் இருந்துகொண்டு அப்பாவை ஏமாற்றுகிறானோ என்ற சந்தேகம் எனக்குப் போகவே இல்லை.

இப்போது அண்ணாச்சியைக் கடைசியாகப் பார்க்க டென்சிங் வந்தான். காகிதமெல்லாம் போன மாதம்தான் சரியானதாம். வருகிறேன் என்று அப்பாவிடம் சொல்லி டிக்கெட்டும் போட்டிருந்தானாம். சவப்பெட்டியை மூடுவதற்கு முன், என் பாழாய்ப்போன வாய் சும்மா இருக்கவில்லை. அவனை ஓரமாகக் கூப்பிட்டு, "லேய், அன்னைக்கு நெசமாவே நீ அந்த ஆட்டத்துக்குப் போனியா?" என்று கேட்டேன்.

அவன் பையிலிருந்து இரண்டு துணிகளை எடுத்தான். ஒன்று, அந்த அணியின் பெயர் அச்சடித்த தடித்த வெள்ளைத் துண்டு. இன்னொன்று நம் சிவப்புக் கரைத் தோர்த்து. கடையில் மடித்துக் கொடுத்த மடிப்பு அப்படியே இருந்தது. ஒரு தடவைகூடப் பிரிக்கவில்லை.

"போனேன்க்கா. ஆனா இதை வெளிய எடுக்கல்ல. சுத்தி எல்லாவனும் புதுத் துண்டு வச்சிருக்கான். இதை வீசினா குளிக்கப் போறவன் மாதிரி இருக்கும்னு வெக்கமாப் போச்சு. அவனுவ தந்ததைத்தான் வீசினேன். அப்பா போன்ல கண்டேன்னு சொன்னப்பம் எனக்கு ஒண்ணும் ஓடல்ல. இல்லப்பான்னு சொல்ல வாய் வரல்ல."

இத்தனை வருஷமாக நான் மகனைச் சந்தேகப்பட்டுக்கொண்டிருந்தேன். மகன் உண்மையைத்தான் சொல்லியிருக்கிறான். வாயில் பொய்யே வராத ஆள் என்று நாம் நம்பின அந்த மனுஷன்தான், நம் எல்லோர் முன்னாலும் கண்ணாடியைக் கழற்றிவிட்டு, பக்கத்தில் இருப்பது ஒன்றுமே தெரியாத கண்ணோடு, 'கண்டேன்' என்று சொல்லியிருக்கிறார். அழுகையும் சிரிப்பும் சேர்ந்து வந்து, சாவு வீட்டில் வாயைப் பொத்திக்கொண்டு நின்றேன்.

வெள்ளைத் துண்டை டென்சிங் அப்பாவின் கைக்கடியில் வைத்தான். தோர்த்தை என்னிடம் கொடுத்தான். அதை மடிப்புக் கலைக்காமல், கடையில் அன்று டி.வி. இருந்த இடத்துக்கு மேலே ஆணியில் மாட்டியிருக்கிறேன். கை துடைக்க யார் எடுக்கப் போனாலும் தட்டிவிடுவேன். வெங்கிட்டு சாமி இதைப் படிப்பார். படித்துவிட்டுக் காப்பிக்கு வந்து, "அப்போ அன்னிக்கு சிவப்புக் கரை எங்கேடி இருந்தது? நீ கண்டியோ?" என்று நிச்சயம் கேட்பார்.

நான் காணல்ல சாமி. அண்ணாச்சி கண்டார்.