லாரி டிரைவர் என்ன ஆனான், சவரி அண்ணே?

சவரி அண்ணன் போய்விட்டார். சனிக்கிழமை மதியம் சாப்பிட்டுவிட்டுப் படுத்தவர் எழுந்திருக்கவே இல்லையாம்... நேற்று புக்கிட் மெர்தாஜாமில் அடக்கம் முடிந்தது.

எங்கள் ஹோட்டலின் ஸ்டாஃப் வேன் டிரைவர். தினமும் காலையில் எங்களை ஏற்றிக்கொண்டு கடல் பாலத்தைத் தாண்டித் தீவிலிருக்கும் ஜார்ஜ்டவுனில் இறக்கிவிட்டவர்.

முன் சீட் என்னுடையது. ஒருநாள் பாலத்தில் செம ஜாம். நான் போனில் ஜப்பான் கார்ட்டூன் தொடர் ஒன்றை, அனிமே, பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தேன்.

"என்னம்மா நீ மட்டும் சிரிக்கிற? வாயத் தொறந்து சொல்லு லா, நாங்களும் கேக்குறோம்."

அன்று ஆரம்பித்தது. நான் திரையைப் பார்த்துத் தமிழில் கதை சொல்வேன். அவர் ரோட்டைப் பார்த்துக்கொண்டே கேட்பார். ஹோட்டல் பின்வாசல் வந்தால் கதை நின்றுவிடும். மீதியை யாரும் தனியாகப் பார்க்கக் கூடாது... அது அவர் போட்ட சட்டம்.

கதை இதுதான். லாரி மோதி ஒரு பையன் செத்துப்போகிறான். கண்ணைத் திறந்தால் வேறு உலகம். வாள், மந்திரம், டிராகன்...

முதல் எபிசோடு முடிந்ததும் அண்ணன் கேட்டார், "சரி, அந்த லாரி டிரைவர் என்ன ஆனான்?"

எனக்குச் சிரிப்பு தாங்கவில்லை. இந்த மாதிரி அனிமே எத்தனையோ பார்த்திருக்கிறேன். லாரி வரும், மோதும், கதை கிளம்பிவிடும். டிரைவரைப் பற்றி யார் கவலைப்பட்டார்கள்?

"சிரிக்காதம்மா. வேனுக்கு முன்னால நான் லாரிதான் ஓட்டினேன்."

சொல்லிவிட்டு, கண்ணாடியில் தொங்கிய ஜெபமாலையை ஒருமுறை தொட்டுக்கொண்டார். நான் அதற்கு மேல் கேட்கவில்லை.

அப்புறம் ஹீரோ கோட்டையைப் பிடித்தாலும் சரி, இளவரசியைக் காப்பாற்றினாலும் சரி... "அதெல்லாம் இருக்கட்டும். லாரி டிரைவர்?" கடைசியில் பின் சீட்டு அக்காக்கள் கோரஸாகவே கேட்க ஆரம்பித்துவிட்டார்கள்.

டிராகன் செத்த அன்று பெட்ரோல் ஸ்டேஷனில் வேனை நிறுத்தி முகம் கழுவிவிட்டு வந்தார். எல்லோரும் லேட். சூப்பர்வைசரிடம், வழியில் ஒரு சாவு என்று சொல்லிச் சமாளித்தார். பொய்யும் இல்லை!

போன வெள்ளிக்கிழமைதான் முக்கியமான எபிசோடு. மந்திரக் குளத்தில் ஹீரோ தன் பழைய உலகத்தை ஒரே ஒருமுறை பார்க்கலாம். ஒரே ஒருவரிடம் பேசலாம். அவன் செத்த அதே சாலை தண்ணீரில் தெரிகிறது. கையில் பூவோடு யாரோ நிற்கிறார்கள், முதுகு மட்டும்தான் தெரிகிறது...

வேன் பின்வாசலுக்கு வந்துவிட்டது.

"அண்ணே, ரெண்டே நிமிஷம்..."

"வேணாம்மா, நிறுத்து. திங்கக்கிழமை ஜாம்ல நிம்மதியா கேக்குறேன்."

இன்று திங்கட்கிழமை. புது டிரைவர்.

பாலம் ஏறியதும் பின்னாலிருந்து லட்சுமி அக்காதான், "அதப் போடும்மா. சவரிக்குச் சொல்லணும்ல," என்றார்.

போட்டேன். எப்போதும் போலச் சத்தமாகச் சொன்னேன். பாதியில் அழுகை வந்துவிட்டது, ஆனாலும் நிறுத்தவில்லை.

அண்ணே... அது லாரி டிரைவர்தான்.

ஹீரோ அவர்கிட்டதான் பேசினான். "உங்க மேல தப்பில்ல. நான் இங்க நல்லா இருக்கேன். நீங்க வீட்டுக்குப் போங்க"ன்னு சொன்னான்.

அவர் பூவை வெச்சிட்டு வீட்டுக்குப் போயிட்டாரு.

பாத்துப் போங்கண்ணே.