அட்டைப்படத்து அண்ணன்

அவரை எல்லாரும் அட்டைக்காரர் என்றுதான் கூப்பிடுவார்கள். புத்தகங்களுக்கு மேலட்டைப் படம் வரைவது அவர் தொழில். எத்தனையோ புத்தகங்களுக்கு வரைந்திருக்கிறார், ஒன்றையும் படித்ததில்லை. சாப்பிட்டுப் பார்க்காமல் சமையலைப் புகழ்கிற மாதிரிதான் அது. ஆனால் அவரிடம் அப்படிச் சொல்ல முடியாது, முகத்தைத் தூக்கி வைத்துக்கொள்வார்.

எழுத்து அவருக்கு எப்போதுமே கொஞ்சம் தகராறு. எழுத்தையும் படமாகத்தான் வரைவார். கொம்பும் சுழியும் கண்ணில் ஒற்றிக்கொள்ளலாம் போல இருக்கும். எது எங்கே போக வேண்டும் என்பதில்தான் வம்பு.

அந்த வம்புதான் அவரையும் அவர் அண்ணனையும் பிரித்தது. அண்ணன் பூட்டுக்காரர். கடைவீதி முனையில் ஒரு மேசை, சில அரங்கள், கம்பி வளையம் நிறையச் சாவிகள், அவ்வளவுதான் கடை. அந்தக் கடைக்குப் பலகை எழுதித் தருகிறேன் என்று தம்பி தானாகக் கேட்டு, சிவப்பு எழுத்துக்கு மஞ்சள் நிழல் எல்லாம் கொடுத்து மாட்டினார். ‘சாவி செய்து தரப்படும்’ என்று இருக்க வேண்டும். வி இருக்க வேண்டிய இடத்தில் வு விழுந்துவிட்டது. ‘சாவு செய்து தரப்படும்.’

முதலில் பார்த்தவர் எதிர்க்கடைத் தையல்காரர்.

“என்ன பூட்டுக்காரரே, தொழில மாத்திட்டீங்களா? என் மாமியாருக்கு ஒண்ணு வேணும். எப்ப கிடைக்கும்?”

தெருவே சிரித்தது. பூட்டுக்காரர் அண்ணாந்து பார்த்தார். கோபம் தலைக்கேறிவிட்டது.

“ஒரு வி போடத் தெரியாதவன் கையில எதுக்குடா பிரஷ்?”

“எழுத்து தப்பா இருந்தா திருத்திக்கலாம்ணே. வாய் தப்பா இருந்தா என்ன பண்றது?”

“என் வாயாடா தப்பு? இனிமே என் வாசல்ல உன் கால் பட்டுச்சு…”

“பட்டாத்தானே!”

தம்பி ஏணியில் ஏறினார். ஒரு டப்பா கருப்புப் பெயின்டைப் பலகையின் தலையில் கவிழ்த்தார். இறங்கி, திரும்பிப் பார்க்காமல் நடந்தார். ஒரே ஓர் எழுத்துக்காகக் கூடப்பிறந்தவர்கள் வருஷக்கணக்கில் பேசாமல் இருப்பார்களா என்று கேட்கலாம். இருப்பார்கள். பெரிய சண்டை என்றால் நாலு பேர் நடுவில் வந்து பேசித் தீர்ப்பார்கள். சின்னச் சண்டைக்கு யார் வருவார்கள்?

இப்படி இருக்கும்போதுதான் பதிப்பகத்துக்காரர் பெரியவர்கள் வரலாற்றை வரிசையாகப் போட ஆரம்பித்தார். அடிமைகளை விடுவிக்கப் போராடியவர், போர்க்களத்தில் இரண்டு பக்கத்துக் காயத்துக்கும் கட்டுப் போட்ட அம்மா, கைவிடப்பட்ட நோயாளிகளுக்கு வீடு கட்டியவர். இவர்களுக்கெல்லாம் ஏதோ ஒரு பழைய படம் இருந்தது, பார்த்து வரைந்துவிட்டார். ஒருவருக்கு மட்டும் இல்லை.

“இவரு ரொம்பப் பழைய காலத்து ஞானி. எப்படி இருப்பாருன்னு யாருக்கும் தெரியாது. பாத்தா மனசு எளகணும், அந்த மாதிரி ஒரு மூஞ்சி போட்டுக் குடுப்பா” என்று சொல்லிவிட்டுப் பதிப்பகத்துக்காரர் அடுத்த வேலையைப் பார்க்கப் போய்விட்டார்.

அட்டைக்காரர் வெறும் தாளைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தார். பிறகு தூரிகை தானாக ஓட ஆரம்பித்தது. வந்தது அண்ணன் முகம். எப்போதும் இருக்கிற முகம் அல்ல. திறக்காத பூட்டைக் காதோரம் வைத்து, உள்ளே முள் நகர்கிற சத்தத்துக்காகக் காத்திருப்பாரே, அந்த நேரத்து முகம். அப்போது அந்தக் கண்ணில் அப்படி ஒரு பொறுமை இருக்கும். இடது புருவத்தில் தழும்பைக்கூட விடவில்லை. சின்ன வயதில் தம்பி எறிந்த கதவுக் கீல் பட்டு வந்த தழும்பு அது.

வாய்க்கு வந்ததும் தூரிகை நின்றுவிட்டது. அந்த வாய் அவருக்குக் கத்துகிற வாயாகத்தான் நினைவில் இருந்தது. ஞானி கத்தலாமா? ஒரு நீளத் தாடியை இழுத்துவிட்டு வாயை மூடிவிட்டார்.

புத்தகம் வந்தது, பேருந்து நிலையமெல்லாம் விற்றது. பூட்டுக்காரருக்குத் தலைவலி பிடித்தது. “ஞானியாரே, மாத்துச் சாவி ஒண்ணு” என்று கேட்காத ஆள் கிடையாது. தையல்காரர் ஒருநாள் அட்டைக்காரரை வழியில் மடக்கினார்.

“உங்க அண்ணன் அந்தப் புத்தகத்தக் கையில வச்சுக்கிட்டுத் தெருவெல்லாம் காட்டுறாரு. கேக்காம மூஞ்சிய எடுத்தவன் கைய உடைக்கிறேன்னு நிக்கிறாரு. ஜாக்கிரதை.”

அதனால்தான், ஒரு மத்தியானம் வாசலில் அண்ணனின் செருமல் கேட்டதும் அட்டைக்காரர் உள்ளறைக் கதவுக்குப் பின்னால் போய் நின்றுகொண்டார். மனைவியைப் பார்த்து, இல்லை என்று சொல்லச் சொல்லிக் கையை ஆட்டினார்.

“அவரு வீட்ல இல்லீங்களே” என்றாள் அவள்.

பிறகு அண்ணன் குரல், இத்தனை வருஷத்துக்குப் பிறகு, கதவுக்கு அந்தப் பக்கம்.

“சரிம்மா. வந்தா சொல்லு. சும்மாதான் வந்தேன்னு சொல்லு.”

படி இறங்கும் சத்தம் ஒரு காலை இழுத்து இழுத்துப் போயிற்று. மனைவி உள்ளே வந்தாள்.

“ஏங்க, கையில அந்தப் புத்தகத்த வச்சிருந்தாருங்க. ஆனா கோவமா வந்த மாதிரி இல்ல. போய் ஒரு வார்த்த கூப்பிடுங்களேன்.”

“நாளைக்கு நானே போறேன்.”

நாளைக்கு மழை. அதற்கு மறுநாள் அவசரமாக ஓர் அட்டை. அப்புறம், நாமாகப் போய் நின்றால் என்ன நினைப்பாரோ என்று ஒரு கூச்சம். போக நினைத்ததே பெரிது என்று அவருக்காகப் பேசுகிறவர்கள் இன்றைக்கும் இருக்கிறார்கள். நினைத்தால் போதுமா? எழுந்து போயிருக்க வேண்டும். பூட்டுக்காரர் ஒருநாள் கையில் அரத்தோடு மேசையிலேயே சாய்ந்து போய்விட்டார்.

அண்ணன் வீட்டுக்குள் அட்டைக்காரர் நுழைந்தபோது, சுவரில் இருந்து அவர் வரைந்த படமே அவரைப் பார்த்தது. பூட்டுக்காரர் உயிரோடு இருந்தவரை ஒரு போட்டோவுக்கும் நின்றதில்லை. வீட்டில் வேறு படம் இல்லாததால் புத்தக அட்டையை வெட்டிச் சட்டம் போட்டு மாட்டியிருந்தார்கள். “இவரு எப்ப தாடி வச்சாரு?” என்று வந்தவர்கள் கிசுகிசுத்தார்கள்.

அண்ணி தலை நிமிர்ந்தாள். “வாங்க தம்பி. இப்பத்தான் வழி தெரிஞ்சுதா?”

அவர் ஓர் ஓரமாகப் போய் உட்கார்ந்தார்.

கூட்டம் கலைந்த பிறகு அண்ணியே பேசினாள். “அன்னிக்கு அவரு சண்டைக்கு வந்தாருன்னா நெனச்சீங்க?”

“கைய உடைக்கிறேன்னு சொன்னாராமே அண்ணி.”

“அவரு யாரு கையத்தான் உடைக்கிறேன்னு சொல்லல? என் கையத் தினம் ஒரு தடவ உடைச்சாரு. பாருங்க, ரெண்டும் இருக்கு.”

அவள் எழுந்து போய், அட்டை இல்லாத அந்தப் புத்தகத்தை எடுத்து வந்தாள். ஒரு பக்கத்தில் மட்டும் எண்ணெய்ப் பிசுக்கோடு விரல் தடம் பதிந்திருந்தது.

“படிங்க.”

அட்டைக்காரர் எழுத்துக் கூட்டிக் கூட்டிப் படித்தார். தான் அட்டை போட்ட புத்தகத்தில் அவர் படித்த முதல் பக்கம் அதுதான். ‘சண்டையிட்ட இருவரும் தப்பு யாருடையது என்று அளந்துகொண்டிருந்தால் இருவருமே கிழவர்களாகிவிடுவீர்கள். கால் வலிக்காதவர் முதலில் போங்கள்’ என்று ஊர் ஊராகச் சொல்லி நடந்தாராம் அந்த ஞானி.

“இந்த எடம் வந்ததும் மூடி வச்சுட்டாரு. ‘ஏண்டி, இந்த ஆளுக்கு என் மூஞ்சியத்தானே போட்டிருக்கான்? மூஞ்சி மட்டும் இருந்து இதக்கூடச் செய்யலன்னா நல்லாவா இருக்கும்?’னாரு. ஒங்களுக்குத்தான் முட்டி வலிக்குதேன்னேன். ‘அந்தக் காலத்து ஆளுக்கு முட்டி வலியப் பத்தி என்ன தெரியும்’னுட்டுச் செருப்ப மாட்டிக்கிட்டாரு.”

அட்டைக்காரருக்குக் கால் வலி கிடையாது.

கிளம்பும்போது அண்ணி படத்தைக் காட்டினாள். “தாடியில்லாம ஒண்ணு போட்டுக் குடுங்க தம்பி. இது யாரோ மாதிரி இருக்கு. எனக்கு அவரு மூஞ்சி வேணும்.”

போட்டார். கண் வந்தது, மூக்கு வந்தது, புருவத் தழும்பும் வந்தது. வாய் வரவில்லை. எப்படிப் போட்டாலும் பலகைக்குக் கீழே நின்று கத்தியது. அழித்து அழித்துத் தாளே நைந்துபோயிற்று. ‘சும்மாதான் வந்தேன்’ என்ற குரல் மட்டும் காதில் இருந்தது. அதைச் சொல்லும்போது அந்த வாய் எப்படி இருந்திருக்கும்?

மனைவியைக் கேட்டார். “அன்னிக்கு வாசல்ல நின்னப்ப அண்ணன் வாய் எப்படி இருந்துச்சு? நீதானே எதிர்ல நின்ன?”

“பொய் சொல்றப்ப யாராவது மூஞ்சியப் பாப்பாங்களா? நான் தரையத்தான் பாத்தேன்” என்றாள் அவள்.

ஒருநாள் அண்ணி தானே படத்தைக் கேட்டு வந்து நின்றாள். “இல்லன்னு சொல்லட்டுமா?” என்று மனைவி மெதுவாகக் கேட்டாள். அட்டைக்காரர் கையைத் துடைத்துக்கொண்டு, படத்தோடு தானே வாசலுக்குப் போனார்.

“வாய் எங்க தம்பி?”

“தெரியல அண்ணி. அன்னிக்கு… நான் உள்ளதான் இருந்தேன்.”

“தெரியும். பெயின்ட் பட்ட செருப்பு வாசல்லயே கிடந்துச்சாமே. ‘உள்ளதான் இருக்கான். நல்லாத்தான் இருப்பான் போல’ன்னு வந்து சொன்னாரு.”

அவர் அந்த வாசல்படியிலேயே உட்கார்ந்துவிட்டார். அண்ணியும் பக்கத்தில் உட்கார்ந்தாள். “பிரஷ்ஷ எடுத்துட்டு வாங்க. நான் சொல்றேன், போடுங்க” என்றாள்.

கீழுதடு கொஞ்சம் தடிப்பு என்றாள், போட்டார். சிரிப்பை அடக்கும்போது வலது ஓரம் மேலே போகும் என்றாள், போட்டார். இன்னும் கொஞ்சம், இன்னும் கொஞ்சம் என்று சொல்லிக்கொண்டே வந்தவள், ஓர் இடத்தில் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள்.

“அவரேதான் தம்பி. அப்படியே இருக்காரு.”

அட்டைக்காரர் படத்தைத் தள்ளிப் பிடித்துப் பார்த்தார். கிட்டே வைத்துப் பார்த்தார். அந்த வாய் அவருக்கு யாருடையதோ போலத்தான் இருந்தது.