அண்ணன் போட்ட ரோடு

நான் சிறுமியாக இருந்தபோது ரோட்டிலிருந்து மூன்று படி ஏறித்தான் எங்கள் மந்தைவெளி வீட்டுக்குள் போக வேண்டும். பிறகு தேர்தலுக்குத் தேர்தல் ரோடு போட்டார்கள். ரோட்டுக்கு ஒரு படியாகப் புதைந்துபோனது. பழைய ரோட்டைக் கொத்தி எடுக்காமல் அதன் தலைமேலேயே ஜல்லியைக் கொட்டித் தார் ஊற்றுவது நம் ஊர் வழக்கம். தொண்ணூறுகளில் மிச்சம் இருந்தது ஒரே ஒரு படி. அதுவும் போனால் தெருத் தண்ணீர் நேரே கூடத்துக்குள் வரும்.

அப்பா போனபின் மாடி அண்ணனுக்கு, கீழ்த்தளம் எனக்கு என்று பாகம் ஆனது. நான் பக்கத்துப் பள்ளியில் டீச்சர். அண்ணனுக்கு ஜல்லி வியாபாரம், சொந்தமாக லாரிகள். அப்போது சென்னைக்கே ஜல்லிப் பைத்தியம் பிடித்திருந்தது. தி.நகரில் பங்களாக்களை இடித்து அடுக்குமாடி கட்டினார்கள், நாற்சந்திகளில் பாலத்துக்குத் தூண் எழுப்பினார்கள். தாம்பரம் ரயிலில் போனால் பல்லாவரத்து மலை வருஷத்துக்கு வருஷம் குறைந்திருப்பது தெரியும். குறைந்ததெல்லாம் இங்கேதான் வந்து நின்றது. அதில் அண்ணன் கொண்டுவந்ததும் நிறைய. பாலத்தைத் தாண்டும்போதெல்லாம் "எங்க அண்ணன் ஜல்லி" என்று பஸ்ஸில் பக்கத்தில் இருப்பவர்களிடம் சொல்லிக்கொள்வேன். அவ்வளவு பெருமை எனக்கு.

எங்கள் தெருவுக்கு ரோடு போடும் வேலையை அவனே எடுத்தபோது என் கணவர் ஒரு மனு எழுதினார்.

"பழசைக் கொத்திட்டுப் போடச் சொல்லி கார்ப்பரேஷன் இன்ஜினீயர்கிட்ட குடுத்துடலாம். நாளைக்கு வீட்டுக்குள்ள தண்ணி வந்தா நாமதான் அள்ளணும்."

"எங்க அண்ணன் போடற ரோட்டுக்கு நாமளே மனுவா? தெருவே சிரிக்கும்" என்றேன். மனுவைப் பறித்துக் கிழித்தும் போட்டேன்.

அன்று சாயங்காலமே அண்ணனிடம் கேட்டேன். என் தலையில் கைவைத்து, "நம்ம வீடு எனக்குத் தெரியாதா பாப்பா? கொத்தி எடுத்துட்டுதான் போடுவேன். உன் வாசப்படி ஒரு நூல் கூட இறங்காது" என்றான்.

எங்கள் கேட்டை ஒட்டி ஜல்லியை மலையாகக் குவித்தார்கள். நான்தான் அதற்குக் காவல். அன்னக்கூடையோடு வந்தவர்களை எல்லாம் விரட்டினேன். பாத்ரூம் தரைக்கு இரண்டு கூடை கேட்ட பக்கத்து வீட்டு அம்மாவிடம், "இது அண்ணன் சொத்து இல்லீங்க, ஊர் சொத்து" என்று நியாயம் பேசினேன். அதோடு அவர் என்னிடம் பேசுவதை விட்டுவிட்டார்.

ஒருநாள் பள்ளி விட்டு வந்தபோது தெருமுனையிலேயே தார் நெடி அடித்தது. ரோலர் எங்கள் வாசலில் நின்றுகொண்டிருந்தது. படியைக் காணோம்.

"பழைய ரோட்டைக் கொத்தலையா?" என்று ரோலர் டிரைவரைக் கேட்டேன்.

"கொத்தறதா? இன்னாமா நீ! அப்டியே மேல ஜல்லி பரப்பி, ரோலர் உட்டுக்கினு, தார் ஊத்திக்கினு போறோம். பாரு, கண்ணாடி மாரி கீது."

உண்மையாகவே அழகான ரோடு. அதைச் சொல்லாவிட்டால் பாவம். அந்தத் தெருவில் அதுபோல் ஒன்றை நான் பார்த்ததே இல்லை. வயிறு எரிந்தது.

மாடி ஏறிப் போய்ச் சண்டை போட்டேன். அண்ணன் அசரவில்லை. "மழைக்கு முன்ன முடிக்கச் சொல்லிட்டாங்க, டைம் இல்ல பாப்பா. உன் வாசல்ல ஒரு தடுப்பு கட்டித் தரேன். தண்ணி எட்டிக்கூடப் பாக்காது." மறுபடியும் நம்பினேன். தடுப்பு வருவதற்குள் ஐப்பசி வந்துவிட்டது.

மதியம் பிடித்த மழை. கண்ணாடி ரோட்டில் வழுக்கிக்கொண்டு வந்த தண்ணீர், எதிர்வரிசையை விட்டுவிட்டுப் பள்ளமான எங்கள் வாசலைத் தேடி வந்தது. சாக்கடையும் சேர்ந்துகொண்டது. கட்டில் கால் மூழ்கியது, அரிசி மூட்டை ஊறியது, திருத்தி வைத்திருந்த பரீட்சைப் பேப்பர்கள் மிதந்தன. நானும் கணவரும் பக்கெட்டால் அள்ளி ஊற்ற ஊற்ற அது திரும்பி வந்தது. "மெயின் ஸ்விட்சை அணைச்சிடு பாப்பா" என்று பால்கனியிலிருந்து குரல் வந்தது. பின்னாலேயே பஜ்ஜி வாசனையும் வந்தது. ஆள் வரவில்லை.

தண்ணீர் வடிந்த பிறகுதான் அண்ணன் இறங்கி வந்தான். சுவரில் படிந்திருந்த சேற்றுக் கோட்டைத் தடவிப் பார்த்து உச்சுக்கொட்டினான். ஆடு நனைகிறதே என்று ஓநாய் அழுத கதை யாருக்குத்தான் தெரியாது? ஆனால் கூடப்பிறந்தவன் அழும்போது அந்தக் கதை ஞாபகம் வருவதில்லை. எனக்கும் கண் கலங்கியது.

"இனிமே கீழ குடித்தனம் பண்ண முடியாது பாப்பா. நீங்க வேளச்சேரி பக்கம் போயிடுங்க. இதை எனக்கே குடுத்துடு. நாலு லோடு ஜல்லி அடிச்சுத் தரையத் தூக்கிட்டா கடைக்கு விடலாம். பார்ட்டி கூட ரெடி."

"தண்ணி வந்தது முந்தாநேத்து. அதுக்குள்ள பார்ட்டியா?"

"அவர் அப்பவே வந்து பாத்துட்டார். ரோட்டுக்கு ஜல்லி இறக்கினோமே, அப்ப. நீ ஸ்கூலுக்குப் போயிருந்த."

கணவர் துடைப்பத்தைக் கீழே போட்டுவிட்டு நிமிர்ந்தார். அண்ணன் மட்டும் கூடத்தின் நீளத்தைக் காலடியால் அளந்துகொண்டிருந்தான்.