இடது கையால் வாங்கியவள்

இன்று காலை ஷட்டரைத் தூக்கியதும் முதல் வேலையாக வலி மாத்திரை இரண்டு அட்டையை எடுத்து வைத்தேன். மாதம் பிறந்தால் அவர் வந்துவிடுவார்.

தேவாரத்தில் என் மருந்துக்கடைக்கு வரும் அந்த வாலிபால் கோச், ஒரு காலத்தில் சம்பளத்துக்கு ஆடியவர். அடித்து அடித்தே வலது தோள் போய்விட்டது. மருந்தை இடது கையால் வாங்கும்போதெல்லாம், "தப்பா நெனைக்காதீக அக்கா" என்பார்.

இன்று நாலு அட்டை கேட்டார்.

"எதுக்கு இம்புட்டு?"

"நாளைக்கு ஃபைனல்ல. பிள்ளைகளுக்கும் சேத்துத்தான்."

"டாக்டர்ட்ட காட்டுனீகளா?"

"காட்டுனா ஆட வேணாம்பாக. நானெல்லாம் ஊசியப் போட்டுக்கிட்டே ஆடுனவன்க்கா."

"அதான் பாக்குறேனே" என்றேன். சிரித்தார்.

கூட வந்திருந்த பதினைந்து வயது ஆட்டக்காரியிடம், "வாங்கிக்க ஆத்தா" என்றார்.

அவளுடைய வலது கை அசையவில்லை. இடது கையை நீட்டி, "தப்பா நெனைக்காதீக அத்தை" என்றாள்.

கொடுத்துவிட்டேன். இத்தனை வருடம் அவருக்குக் கொடுத்த அதே கையால்தான்.

அவள் அம்மா பிரஷர் மாத்திரை வாங்குவதும் என்னிடம்தான். இன்று சாயங்காலம் சீக்கிரமே கடையைச் சாத்திவிட்டு அந்த வீட்டுக்குப் போகிறேன். நாளைக்கு அவளை ஆட விடாதீர்கள் என்று சொல்லப் போகிறேன். என் வீட்டில்கூட இன்னும் யாருக்கும் தெரியாது.

அவள்தான் அணியில் நன்றாக அடிப்பவள். நாளை தோற்றால் யாரைத் திட்டுவது என்று யாரும் தேட வேண்டாம். என்னைத் திட்டி இந்தப் பதிவுக்குக் கீழே எழுதிவிடுங்கள், படித்துக்கொள்கிறேன்.