எல்லா ஆட்டத்துக்கும் ஒரே தொடக்கம்

செஸ்ஸைப் பற்றி எழுத நீ யார் என்று கேட்கலாம். பத்தாவது வரை படித்துவிட்டு, செஞ்சி பஸ் நிலையத்துக்குப் பின்னால் ஜாக்கெட் தைப்பவள். போட்டி எதிலும் உட்கார்ந்ததில்லை. விஷயம் தெரிந்தவர்கள் பொறுத்துக்கொள்ள வேண்டும்.

எங்கள் வீட்டு வழக்கப்படி, ஆட்டம் தொடங்கும்போது இரண்டு சிப்பாய்களை ஒரே சமயத்தில் தலா ஒரு கட்டம் நகர்த்தலாம். போனில் ஆடியபோது இரண்டாவது சிப்பாய் அசையவில்லை. போன் கெட்டுவிட்டது என்று பக்கத்து ஜெராக்ஸ் கடைப் பெண்ணிடம் கொண்டுபோனேன். அப்படி ஒரு சட்டமே இல்லை என்று சிரித்தாள். அன்றிலிருந்து, வெயிலில் தெரு காலியாகும் மத்தியானங்களில், என் துணி வெட்டும் மேசைமேல் இருவரும் ஆடினோம். மற்ற நேரமெல்லாம் மிஷின் சத்தம்தான் எனக்குத் துணை.

அவள் வாரத்துக்கொரு தொடக்கத்தை வீடியோவில் பார்த்துவிட்டு வருவாள். எனக்கு மனப்பாடம் வராது. வீட்டில் பழகிய அந்த இரண்டு சிப்பாய்களையே, இப்போது ஒன்றன்பின் ஒன்றாக, வைத்துக்கொண்டேன். ராஜா பக்கத்துக் குதிரைக்கு முன்னால் இருப்பது ஒரு கட்டம், ராணிக்கு முன்னால் இருப்பது ஒரு கட்டம். திறந்த சந்தில் பிஷப். குதிரை வெளியே. ராஜா ஓரத்தில் பத்திரமாக. எதிரே எது வந்தாலும் இதேதான். அளவு ஜாக்கெட் ஒன்று சரியாக அமைந்துவிட்டால் அதை வைத்தே வருஷக்கணக்கில் வெட்டலாம். எனக்கு ஆயுசுக்கும் இது போதும் என்றிருந்தேன்.

ஒருநாள் அவள் கொட்டாவி விட்டாள். "இன்னாக்கா, எப்பப் பாத்தாலும் இதேவா? கண்ண மூடிக்கினே சொல்லிடுவேன்."

அதன்பிறகு அவள் வரவில்லை. எனக்குப் பயமாகிவிட்டது. ஆரம்பத்திலேயே ஒரு சிப்பாயைச் சும்மா கொடுத்துவிட்டுப் பாய்கிற ஆட்டம் ஒன்றை வீடியோவில் திரும்பத் திரும்பப் பார்த்துக் கற்றேன். அவள் மறுபடி வந்த மத்தியானம் அதை ஆடினேன். பாதியில் மறந்துபோய் ராணியைப் பறிகொடுத்தேன்.

அவள் சிரிக்கவில்லை. "ஏங்க்கா மாத்தின? உன் பழைய ஆட்டத்த உடைக்க ஒரு வழி கண்டுபுடிச்சிக்கினு வந்தேன். அதான் இத்தினி நாளா வரல."

நாளைக்குப் பழையதையே ஆடுகிறேன் என்றேன். சரி என்று போனாள்.

மறுநாள் காய்களை அடுக்கி வைத்தேன். அவள் கடையில் சான்றிதழ் நகலெடுக்கக் கூட்டம். சாயங்காலம் வீட்டுக்குப் போக அனந்தபுரம் பஸ்ஸுக்கு ஓடிவிட்டாள். நான் ஒரு ஜாக்கெட்டுக்குக் கொக்கி தைத்து முடித்தேன்.