வேதமூர்த்தி சார் எழுதாத நாலாவது புத்தகம்

போன வாரம் சென்னையிலிருந்து ஒரு பதிப்பகத்துக்காரர் பேசினார். வேதமூர்த்தி சாரின் புத்தகங்களை ஒரே தொகுதியாகக் கொண்டுவரப் போகிறார்களாம். "நாலாவது எங்கயுமே கெடைக்கல சார். மூணாவதோட பின்னட்டையில 'அடுத்து வருகிறது'ன்னு போட்டிருக்கே?" என்றார். வராத புத்தகத்துக்கு நான் எங்கே போவேன்? அப்படியொன்று இல்லை என்று சொல்லிப் போனை வைத்தேன்.

மூன்றாவது புத்தகத்தை எடுத்து விரித்தால் பழுப்பு நிலக்கரித் தூள் வாசனை. ஈரச் சாக்கும் புகையும் கலந்த மாதிரி இருக்கும். நெய்வேலியில் அலமாரிக்குள் கிடந்த எதுவும் அந்த வாசனைக்குத் தப்பாது. எங்கள் சர்வே ஆபீசும் அப்படித்தான் மணக்கும். சார் அங்கே எனக்கு மேலதிகாரி, நான் புது டிராஃப்ட்ஸ்மேன். பகலில் சுரங்கத்துக்கு வரைபடம் போடுவார். வீட்டுக்குப் போனால் நவீன கவிஞர்களின் வாழ்க்கை வரலாறு. விமர்சனம் என்று வந்துவிட்டால் மனுஷனுக்கு ஈவிரக்கமே கிடையாது. "இந்தாளு மழையில நனஞ்சதே இல்ல, கொடைக்கடியில நின்னு எழுதறான்" என்பார். அதையே அச்சிலும் போடுவார். நானும் அந்தக் காலத்தில் கவிதை எழுதிய பாவிதான். வாங்கிப் படித்துவிட்டு, "கோடு நல்லா போடற. அதையே போடு" என்றார். அதோடு விட்டேன். தமிழ் பிழைத்தது.

அவரிடம் ஒரு வழக்கம் உண்டு. கவிஞர் வளர்ந்த வீட்டுக்குள் நின்று பார்க்காமல் முதல் அத்தியாயத்தைத் தொட மாட்டார். ஒருவருக்காக லீவு போட்டுவிட்டுத் தென்கோடிவரை போனார். அந்த வீட்டு அடுப்படியில் நிமிர முடியாமல் நின்றுவிட்டு வந்து, அந்தக் கவிஞரின் கவிதைகளில் ஏன் எல்லோரும் குனிந்தே நடக்கிறார்கள் என்று எழுதினார்.

நாலாவது கவிஞன் தணிகைவேலு. நெய்வேலிக்கும் சேத்தியாத்தோப்புக்கும் நடுவே ஒரு சின்ன ஊர். பெயரை எழுத மனசு வரவில்லை. கூலிக்காரக் குடும்பம். சுரங்கத்தில் காண்ட்ராக்ட் வேலை பார்த்தான். ஒல்லியாக ஒரே ஒரு தொகுப்பு போட்டான், மஞ்சள் காமாலையில் சின்ன வயசிலேயே போய்விட்டான். மிச்சம் இருந்தது அக்கா பச்சையம்மா மட்டும். தம்பியைப் பற்றிப் புத்தகம் வருகிறது என்று கேள்விப்பட்டு சாரின் குவார்ட்டர்ஸுக்கே வந்துவிட்டார். "எங்க ஜனத்துல இப்பிடி ஒருத்தன் இருந்தான்னு எழுத்துல வரணும் சார். எனக்கு வேற ஒண்ணும் வேணாம்."

சார் சரி என்றார். ஆனால் ஊருக்குப் போகவில்லை. அந்தப் பக்கம் சுரங்கம் விரியப்போகிற வரைபடம் எங்கள் மேசைமேல்தான் கிடந்தது. மண் வெட்டும் எந்திரம் அங்கே போய்ச் சேர இன்னும் பல வருஷம் ஆகும். "பக்கத்துலதானே இருக்கு. ரிடையர் ஆயிட்டு நிதானமாப் போலாம்" என்றார். சர்வேக்காரன் புத்தி அது. எந்திரம் மண்ணைத் தொடும் நாள்தான் எங்களுக்குக் கணக்கு. மனுஷன் அதற்கு எவ்வளவோ முன்னால் கிளம்பிவிடுவான் என்பது எந்த வரைபடத்திலும் கிடையாது.

ஒருவழியாக ஒரு ஞாயிற்றுக்கிழமை என் வண்டியில் போனோம். தெருவில் ஜனங்களே தங்கள் வீடுகளைப் பிரித்துக்கொண்டிருந்தார்கள். நிலம் எடுக்க நோட்டீஸ் வந்துவிட்டால், போகிற இடத்தில் ஆகுமென்று கதவு, நிலை, ஓடு எல்லாவற்றையும் பெயர்த்துக்கொண்டு போவார்கள். பச்சையம்மா ஒரு கதவை டிராக்டரில் ஏற்றிக்கொண்டிருந்தார்.

"நேத்துதான் சார் பிரிச்சோம்."

சார் வெறும் தரையில் நின்றார். வாசல் எந்தப் பக்கம், சன்னல் இருந்ததா, எங்கே உட்கார்ந்து எழுதுவான் என்று கேட்டார். பச்சையம்மா கைகாட்டிய இடத்திலெல்லாம் செங்கல் பொடிதான் கிடந்தது. "பாக்காம எப்படிம்மா எழுதறது?" என்றார் சார்.

"வூடு போனா என்னா சார், நான் இருக்கறன்ல? அவன் பேசனது, சிரிச்சது, ராவெல்லாம் எழுதிகினு கெடந்தது, எல்லாம் எனக்குத் தெரியும். கேளுங்க, சொல்றேன்."

சார் வண்டியில் ஏறிக்கொண்டார்.

அதற்குப் பிறகும் அந்த அம்மா வந்துகொண்டுதான் இருந்தார். "எழுதிட்டீங்களா சார்?" என்பார். "எழுதிகிட்டிருக்கேம்மா" என்பார் சார். ஒரு வரிகூட எழுதவில்லை என்பது எனக்குத் தெரியும். அவர்மேல் எனக்கு எவ்வளவு மரியாதையோ அவ்வளவு ஆத்திரமும் உண்டு. செங்கல்லுக்குக் கொடுத்த மதிப்பை அந்தப் பொம்பளையின் வாய்க்குக் கொடுக்கவில்லையே.

ரிடையர் ஆவதற்கு முன்பே சார் நெஞ்சுவலியில் போய்விட்டார். கருமாதி அன்று பச்சையம்மா வந்து வெளியிலேயே நின்றார். நான் போய்ப் பேசினேன்.

"தம்பி கதய முடிச்சிட்டாருங்களா?"

இல்லை என்றேன்.

"வூட்டப் பத்தியே கேட்டாரு. என்னைய ஒரு வார்த்த கேக்கலீங்க."

உட்காருங்கள், என்னிடம் சொல்லுங்கள், நான் எழுதுகிறேன் என்றேன். என்னை மேலும் கீழும் பார்த்தார். "அவரு எழுதனா அது புஸ்தவம். நீங்க எழுதனா யாருங்க படிப்பா?" என்று கேட்டுவிட்டு பஸ் ஸ்டாப் பக்கம் நடந்தார்.

அந்த ஊர் இருந்த இடம் இப்போது எட்டிப் பார்த்தால் தலை சுற்றும் பள்ளம். பச்சையம்மா போன கோடையில், மாற்றிடமாகக் கொடுத்த மனையில் செத்துப்போனார். தணிகைவேலு எப்படிச் சிரிப்பான் என்று கேட்டால் சொல்ல இனி ஆள் இல்லை.