பால் வாங்கப் போகும் பின்பனி

மாட்டுங்காவில் மாறுவேட உடைகளை வாடகைக்குக் கொடுக்கும் பஞ்சு மாமாவுக்கு வருஷம் என்பது மூன்று பருவம். ஜூன், ஜூலையில் பள்ளிக்கூடக் குழந்தைகளுக்குக் காய்கறி வேஷம். ஆகஸ்டிலிருந்து நவம்பர் வரை கிருஷ்ணர், ராவணன், தலைவர்கள். டிசம்பரில் சாண்டா. மீதி மாதங்களில் சலவை.

இந்த வருஷம் சித்திரை விழாவுக்குத் தமிழ் மன்றச் செயலாளர் சங்கரநாராயணன் ஆறு பருவம் கேட்டார். ஆறு குழந்தைகள், ஆறு உடை. ஒழுங்காக வராவிட்டால் இனிமேல் அந்தேரிக் கடைதான் என்றும் சொல்லிவிட்டார். மன்ற நாடகங்களுக்கு இருபது வருஷமாக மாமாதான். அவருக்குத் தூக்கம் போயிற்று.

"சித்திரை, வைகாசி இளவேனில். ஆனி, ஆடி முதுவேனில்…" என்று செயலாளர் விரல் விட்டு எண்ணினார்.

"ஆடியில வெயிலா? சார், அப்போ மழைத் தண்ணியில சயான்ல தண்டவாளமே தெரியாதே."

"பம்பாய் தப்பாப் பெய்யறதுக்குத் தமிழ் என்ன ஓய் பண்ணும்?"

இளவேனிலுக்குப் பூ, முதுவேனிலுக்கு விசிறி. ஆவணி, புரட்டாசிக் கார்காலத்துக்கு ரெயின்கோட். ஐப்பசி, கார்த்திகைக் கூதிருக்கு அதே ரெயின்கோட்டோடு ஒரு தும்மல். மார்கழி, தை முன்பனி. மாசி, பங்குனி பின்பனி. அங்கேதான் மாட்டிக்கொண்டார்.

நாலு வருஷம் ஊர் சுற்றிவிட்டு அப்போதுதான் மாடி வீட்டுக்குத் திரும்பியிருந்த என்னைக் கூப்பிட்டார்.

"நீ பனியெல்லாம் பார்த்தவளாச்சே. முன்னுக்கும் பின்னுக்கும் என்னம்மா வித்தியாசம்?"

நான் பார்த்தது நார்வேயின் பனி. கதவைத் திறந்தால் இடுப்பளவு நிற்கும். இந்தப் பேதமெல்லாம் அதற்குக் கிடையாது. போனில் தேடிச் சொன்னேன்: "முன்பனின்னா ராத்திரி முன்பாதியில குளிரும், மாமா. பின்பனி விடியற பக்கம்."

"அட, இவ்வளவுதானா. ஒருத்தன் ஆபீஸ் விட்டு வரான். ஒருத்தன் பால் வாங்கப் போறான்."

விழாவன்று, ஏப்ரல் புழுக்கத்தில், முன்பனியாக வந்த சுஷ்மா மஃப்ளரும் டிபன் பையுமாக நடுங்கிவிட்டுப் போனாள். அடுத்து பின்பனியாகக் கண்ணா. மங்கி குல்லா, ஸ்வெட்டர், அதன்மேல் சால்வை, மடித்துக் கட்டிய வேஷ்டி, கையில் பால் பாக்கெட். இரண்டடி நடந்து, நின்று, திரும்பிப் பார்த்து, "காலம் கெட்டுப்போச்சு" என்றான்.

முதலில் சிரித்தவர் செயலாளரின் மனைவி ஷ்யாமளா. பிறகு அரங்கமே சிரித்தது. மாசி மாதத்து விடிகாலையில் கிங்ஸ் சர்க்கிள் பக்கம் போன எல்லோருக்கும் அந்தக் குல்லாவையும் அந்த நடையையும் தெரியும்.

"வேணும்னு பண்ணலைம்மா" என்று திரைக்குப் பின்னால் மாமா என் கையைப் பிடித்துக்கொண்டார். "இந்த ஊர்ல குளிருக்குப் போர்த்திண்டு போறவாளை நான் நம்ம செயலாளர் ஒருத்தரைத்தானே பார்த்திருக்கேன்."

சங்கரநாராயணன் வந்தார். கண்ணாவைத் தலை முதல் கால் வரை பார்த்தார். குல்லாவை இழுத்து அவன் காதைச் சரியாக மூடிவிட்டார்.

"அடுத்த வருஷமும் நீரே பண்ணும்" என்றார் மாமாவிடம். "ஆனா அஞ்சு பருவம் போதும்."